பழைய சுருளும் புதிய வண்ணமும்

மறைந்த மனிதரைத் திரையில் மீண்டும் நடமாட விடுவது பொறுப்பு மிகுந்த பணி. முதல் உலகப்போரின்போது (1914-1918) எடுக்கப்பட்ட படச்சுருள்கள் லண்டன் இம்பீரியல் போர் அருங்காட்சியகத்தில் காக்கப்பட்டு வருகின்றன. அவற்றில் சுமார் 100 மணி நேரப் படங்களை ஆராய்ந்து, நியூசிலாந்து இயக்குநர் பீட்டர் ஜாக்சன் 2018இல் ‘தே ஷால் நாட் க்ரோ ஓல்ட்’ என்னும் ஆவணப்படத்தை உருவாக்கினார்.

அக்காலக் காமிராவைக் கையால் சுழற்றினர். நொடிக்கு 10 முதல் 18 படங்கள் வரையே பதிவாயின. பிற்காலத்தில் அவற்றை 24 வீதம் ஓட்டியபோது, சாவை நோக்கிச் சென்றவர்கள் பாவைக்கூத்துப் பொம்மைகளாய்த் துள்ளினர், பார்த்தோர் நகைத்தனர். ஜாக்சன் குழுவினர் இடைப்படங்களைக் கணிப்பொறியால் நிரப்பி, அவர்களுடைய இயல்பான நடையை மீட்டுத் தந்துள்ளனர். இதனை நான் மனமார வரவேற்கிறேன். வண்ணம் பூசியதிலோ அத்துணை உடன்பாடில்லை. எனினும் தொடக்கத்தில் கறுப்பு வெள்ளைச் சுருளைச் சிறு சட்டத்துள் காட்டிவிட்டுப் பின்னரே வண்ணத்திற்குச் செல்வதால், எது பழையது, எது பூசியது என்பது பார்ப்பவருக்கு விளங்கிவிடுகிறது.

என் குறை ஒலியைப் பற்றியது. சுருள்கள் ஊமைப்படங்கள். உதட்டசைவைப் படிக்க வல்லோரை அமர்த்திச் சொற்களைக் கண்டறிந்து, நடிகரைக் கொண்டு பேச வைத்திருக்கின்றனர். உதடு அசைந்தது ஆவணம். கேட்கும் குரல் ஊகம். இரண்டையும் பிரித்துக் காட்டும் அடையாளம் எதுவும் திரையில் இல்லை. எந்த ஊர், எந்த நாள், எந்தப் படைப்பிரிவு என்பதும் சொல்லப்படுவதில்லை. வீடு வாங்குகிறவன் மூலப்பத்திரம் கேட்கிறான். வரலாற்றை வாங்குகிறவன் கேட்கக் கூடாதா?

கேட்காமல் விட்டதன் விளைவை 1916ஆம் ஆண்டுப் படமாகிய ‘தி பேட்டில் ஆஃப் தி சோம்’ காட்டும். வீரர்கள் பதுங்குகுழியிலிருந்து ஏறிப் பாயும் அதன் புகழ்பெற்ற காட்சி, போர்முனைக்குப் பின்னால் ஒரு பயிற்சிக்களத்தில் நடித்து எடுக்கப்பட்டது. பின்வந்த ஆவணப்படங்களும் தொலைக்காட்சித் தொடர்களும் அதனையே உண்மைப் போராக எடுத்தாண்டன. 1916 ஜூலை முதல் நாளில் மட்டும் 19,240 பிரிட்டிஷ் வீரர் மாண்ட களத்திற்கு ஒரு நாடகக்காட்சி சாட்சியாக நின்றது! போரின் உச்சத்தில் படம் இல்லாத இடத்தில், ஜாக்சன் அக்காலப் போர் இதழின் சித்திரங்களையே காட்டுகிறார். அது நாணயமான வழி.

மற்றொன்று. 1914இன் இறுதியில் லாகூர், மீரட் படைப்பிரிவுகள் பிரான்சிலும் பெல்ஜியத்திலும் போரிட்டன. அவ்வாண்டு அக்டோபர் 31இல் பெல்ஜியத்தில் காட்டிய வீரத்திற்காகக் குதாதாத் கான் விக்டோரியா சிலுவை பெற்றார். அவ்வீரர் ஒருவரின் குரலும் இப்படத்தில் ஒலிப்பதில்லை. பிரிட்டிஷ் முதியோரிடம் பிற்காலத்தில் பதிவு செய்த பேட்டிகளே படம் முழுவதும் கேட்கின்றன. பேசுவோர் பெயர்கள்கூட இறுதியில்தான் வருகின்றன. பதிவு செய்யப்படாத குரலைக் கணிப்பொறியால் மீட்க இயலாது. ஆனால், இது பிரிட்டிஷ் வீரரின் கதை மட்டுமே என்று படத்தின் முகப்பில் ஒரு வரி எழுதியிருக்கலாம்.