ஜாதி நாய்: ஒரு சுற்றறிக்கையை வாசித்தல்

1

நாயைப் பற்றிப் பேசுவது இப்போது நம் வட்டாரத்தில் நட்பைக் கெடுக்கிற காரியமாகிவிட்டது. கூட்டம் முடிந்து டீக்கடையில் நிற்கும்போது யாராவது ஒருவர் ஆரம்பித்து வைக்கிறார். ஒரு தோழர் 'உயிர்நேயம்' என்கிறார். இன்னொருவர் 'அதெல்லாம் மேட்டுக்குடிப் பாசாங்கு' என்கிறார். டீ ஆறிப்போகிறது. 2025 ஆகஸ்டில் உச்சநீதிமன்றம் தில்லித் தெருநாய்களையெல்லாம் பிடித்து அடைக்கச் சொல்லி, பதினோரு நாளில் பெரிய அமர்வு ஒன்று அதை மாற்றியமைத்த பிறகு இந்தச் சண்டை இன்னும் உக்கிரமாகிவிட்டது.

எதிரெதிரே நிற்கிற இரண்டு தரப்புமே கேள்வி கேட்காமல் ஏற்றுக்கொண்டிருக்கிற ஒரு சொல் இருக்கிறது: 'இனம்'. ராட்வீலர் என்றாலே கொலைகார நாய் என்பவருக்கும் அதுதான் அடிப்படை. 'நம்ம நாட்டு நாய் சாது, வெளிநாட்டு நாய்தான் பிரச்சினை' என்பவருக்கும் அதுதான் அடிப்படை. இந்தச் சொல் அரசின் கையில் என்ன வேலை செய்கிறது என்று பார்க்க, மத்திய அரசின் கால்நடை பராமரிப்பு மற்றும் பால்வளத் துறை 2024 மார்ச் 12 அன்று மாநிலங்களுக்கு அனுப்பிய சுற்றறிக்கையை ஒரு பிரதியாக எடுத்துக்கொண்டு வாசிக்கலாம் என்று நினைக்கிறேன். 23 வகை நாய்களை 'மூர்க்கமானவை' என்று பட்டியலிட்டு, அவற்றின் இறக்குமதி, இனப்பெருக்கம், விற்பனை எல்லாவற்றையும் தடுக்கச் சொன்ன சுற்றறிக்கை அது. வீடுகளில் ஏற்கனவே இருப்பவற்றுக்குக் கருத்தடை செய்யவும் சொன்னது. சம்பந்தப்பட்டவர்களைக் கலந்துகொள்ளாமல் போட்டது என்பதால் அடுத்த மாதமே கர்நாடக உயர்நீதிமன்றம் அதை ரத்து செய்தது.

காகிதம் அடிபட்டது. அதன் பின்னாலிருக்கிற யோசனை அடிபடவில்லை. 2022-லேயே காஜியாபாத் மாநகராட்சி மூன்று இனங்களுக்குத் தடை போட்டிருந்தது. 2025 ஆகஸ்டில் சென்னை ஜாபர்கான்பேட்டையில் பிட்புல் கடித்து ஒருவர் இறந்தார். அந்த டிசம்பரில் சென்னை மாநகராட்சி, பிட்புல்லுக்கும் ராட்வீலருக்கும் புதிய உரிமம் கிடையாது என்று முடிவெடுத்தது. ஆகவே இந்தப் பட்டியலை வாசிப்பது செத்த பாம்பை அடிப்பதாகாது.

2

பட்டியலைச் சாவகாசமாகப் படித்துப் பாருங்கள். பிட்புல் டெரியர் இருக்கிறது. அமெரிக்கன் ஸ்டாஃபோர்ட்ஷயர் டெரியர் இருக்கிறது. கொஞ்சம் தள்ளி, வெறுமனே 'டெரியர்கள்' என்றும் இருக்கிறது. மடியில் வைத்துக் கொஞ்சுகிற யார்க்ஷயர் டெரியரும் டெரியர்தான். எழுத்துப்படி பார்த்தால் அதுவும் மனித உயிருக்கு ஆபத்தான மிருகம். டோசா இனு என்று ஒரு ஜப்பானிய நாய் வருகிறது. அதே நாய் 'ஜப்பானிய டோசா மற்றும் அகிட்டா' என்று இன்னொருமுறை வருகிறது. தென்னாப்பிரிக்க போயர்போயல் தன் பெயரில் ஒருமுறையும் மாஸ்டிஃப் என்பதன் அடைப்புக்குறிக்குள் இன்னொருமுறையும் தலைகாட்டுகிறது. இவற்றோடு 'கலப்பினங்கள் உட்பட' என்று ஒரு வார்த்தை.

குமாஸ்தாவின் கவனக்குறைவு என்று இதைச் சொல்லிட்டுப் போயிடலாம். எனக்கு அப்படித் தோன்றவில்லை. எழுதிய கைக்கு நாய்களோடு பரிச்சயம் தேவைப்படவில்லை. பெயர்கள் மட்டும் போதுமாயிருந்திருக்கின்றன. பெயர்கள் அத்தனையும் வெளியூர்ப் பெயர்கள். இந்திய நாய் ஒன்றுகூடப் பட்டியலில் இல்லை. 2020 ஆகஸ்டில் பிரதமர் தன் வானொலி உரையில் ராஜபாளையம், கன்னி, சிப்பிப்பாறை, கோம்பை என்று பெயர் சொல்லி, வீட்டில் நாய் வளர்ப்பதானால் இந்திய இனங்களை வளருங்கள் என்று கேட்டுக்கொண்டது நினைவிருக்கலாம். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து வாசித்தால் ஒரு கதையாடல் கிடைக்கிறது. மூர்க்கம் அந்நியமானது, வீரம் நம்முடையது. காவலுக்கும் வேட்டைக்கும் பழக்கிய கோம்பையின் பல் பெருமை. காவலுக்கும் மந்தை ஓட்டவும் பழக்கிய ராட்வீலரின் பல் குற்றம்.

உயிரியல் என்ன சொல்கிறது? 2022-ல் 'சயின்ஸ்' இதழில் 18,000-க்கும் மேற்பட்ட நாய்களை வைத்துச் செய்த ஓர் ஆய்வு வந்தது. நாய்க்கு நாய் நடத்தையில் காணப்படும் வேறுபாட்டில் சுமார் 9 சதவீதத்தைத்தான் இனத்தைக்கொண்டு விளக்க முடியும் என்றது அது. இதை வைத்துக்கொண்டு 'நாயில் கெட்ட நாயே இல்லை, கெட்ட எஜமான்தான் உண்டு' என்று பேசுகிறவர்களோடும் எனக்கு உடன்பாடில்லை. கடிக்கிற குணம் எந்த நாய்க்கும் வரலாம். கடித்தால் என்ன ஆகும் என்பது அதன் எடையையும் தாடையையும் பொறுத்தது. நாற்பது ஐம்பது கிலோ நாய் ஒன்று குழந்தையின் தலையைக் கவ்வும்போது சதவீதம் பேசிப் பயனில்லை. பெரிய நாய்க்குக் கடுமையான விதி வேண்டும் என்பதை நான் மறுக்கவில்லை. அந்த விதியை ரத்தத்தின்மேல் எழுதுவதா, நடத்தையின்மேல் எழுதுவதா என்பதுதான் கேள்வி.

3

எங்கள் ஊர் ராஜபாளையத்துக்குத் தெற்கே. எழுபதுகளில் பண்ணைவீட்டு வாசலில் ஒரு கோம்பை நாய் கட்டிக்கிடக்கும். எங்கள் தெருவிலிருந்து குளத்துக்குப் போக அந்த வாசலைத் தாண்டித்தான் போகணும். சங்கிலி பாதையின் பாதிவரைக்கும் எட்டும். அண்ணன் ஒருநாள் தண்ணிக் குடத்தோடு வரும்போது கெண்டைக்காலைப் பிடித்துவிட்டது. அம்மா போய்க் கேட்டாள். திண்ணையிலிருந்து வந்த பதில் எனக்கு இப்பவும் காதில் இருக்கிறது: "ஜாதி நாயில்லா, ஆளு தெரியாம விடுமா?"

அப்புறம் தொப்புளைச் சுற்றிப் பதினாலு ஊசி. ஆட்டு மூளையிலிருந்து எடுத்த மருந்து. தினம் ஒன்று, பஸ் பிடித்துப் பெரியாஸ்பத்திரிக்குப் போய்ப் போட்டுக்கொண்டு வரணும். பதினாலு நாள் அம்மாவுக்குக் கூலி இல்லை. அந்த வகை மருந்தைத் தயாரித்த இடங்களில் ஒன்று குன்னூர் பாஸ்டர் நிறுவனம். 1902-ல் வெறிநாய் கடித்து ஒரு வெள்ளைக்காரப் பெண் இறந்ததையொட்டி 1907-ல் உருவானது அது. நம்முடைய வயிறுகளுக்கு அந்தப் பதினாலு ஊசியிலிருந்து விடுதலை கிடைக்க 2004 கடைசிவரை ஆயிற்று.

'ஜாதி நாய்' என்ற சொல்லைக் கவனியுங்கள். உயர்ந்த வகை நாயைக் குறிக்கத் தமிழில் ரொம்ப இயல்பாகப் புழங்குகிற சொல் இது. ஆங்கிலம் வம்சாவளிச் சான்றிதழ் என்கிற இடத்தில் நம் வாய்க்குத் தானாக வருவது ஜாதி. பிறப்பால் குணம் என்கிற நம்பிக்கைக்கு இதைவிடத் துல்லியமான சொல் கிடையாது. ஜாதி நாய் கடித்தால் குற்றம் கடிபட்டவன்மேல்: அவன் 'தெரியாத ஆள்'. இன்றைய பட்டியல் இதையே தலைகீழாக்கிவிட்டது என்று தோன்றலாம்; இப்போது ஜாதி நாய்தானே குற்றவாளி? குணம் பிறப்பில் இருக்கிறது என்ற அடித்தளம் அப்படியேதான் இருக்கிறது. சங்கிலியின் நீளம் அன்றும் விசாரிக்கப்படவில்லை, இன்றும் விசாரிக்கப்படுவதில்லை.

நாய்களின் வம்சத்தைப் பதிவு செய்ய லண்டனில் கென்னல் கிளப் தொடங்கியது 1873-ல். அதற்கு இரண்டு வருஷம் முன்னால் 1871-ல் அதே சாம்ராஜ்யம் இங்கே குற்றப்பரம்பரைச் சட்டத்தைக் கொண்டுவந்தது. 1911-ல் அது சென்னை மாகாணத்துக்கும் விரிந்தது. கைரேகைச் சட்டம் என்று தென்மாவட்டங்கள் அதற்குப் பெயர் வைத்தன. 1920-ல் பெருங்காமநல்லூரில் ரேகை வைக்க மறுத்தவர்கள் சுடப்பட்டார்கள். சென்னை அருங்காட்சியகத்தின் கண்காணிப்பாளராயிருந்த எட்கர் தர்ஸ்டன், சாதிவாரியாக மூக்கையும் மண்டையையும் அளந்துகொண்டிருந்ததும் அந்தக் காலகட்டத்தில்தான்.

மனிதர்களை நாய்களோடு ஒப்பிடுகிறேன் என்று யாரும் எடுத்துக்கொள்ள வேண்டாம். அந்த ஒப்பீட்டின் வலி எங்கள் தெருவுக்குத் தெரியும். நான் ஒப்பிடுவது பட்டியல் போடுகிற கையை. செயலை விசாரிப்பது சிரமமாயிருக்கும்போதெல்லாம் அதிகாரம் பிறப்பைப் பதிவு செய்யப் போய்விடுகிறது.

அளவெடுக்கும் பழக்கமும் போய்விடவில்லை. பிரிட்டன் 1991-ல் அபாயகரமான நாய்கள் சட்டம் கொண்டுவந்து பிட்புல், ஜப்பானிய டோசா, டோகோ அர்ஜென்டினோ, ஃபிலா பிரேசிலெய்ரோ என்று நாலு வகையைத் தடை செய்தது. மூர்க்கமான தோற்றத்துக்கு ஒரு சந்தை இருக்கிறது. பயமுறுத்தும் நாய் வேண்டும் என்பதற்காகவே காசு கொடுக்கிறவர்கள் இருக்கிறார்கள். பிட்புல் போனால் அந்தச் சந்தை அழிந்துவிடுமா? எக்ஸ்எல் புல்லி என்ற புது நாய் வந்தது. தொடர்ந்து சாவுகள். 2023 டிசம்பர் 31 முதல் அதன் விற்பனைக்கும் இனப்பெருக்கத்துக்கும் தடை. சிக்கல் என்னவென்றால் அந்நாட்டுக் கென்னல் கிளப் அதை ஓர் இனமாகவே அங்கீகரித்திருக்கவில்லை. எனவே அரசாங்கம் அங்க அடையாளங்களை எழுதி வெளியிட்டது. ஆண் நாயானால் தோள் உயரம் 51 சென்டிமீட்டரும் அதற்கு மேலும், மண்டை இப்படி, மார்பு அப்படி. இதற்கிடையே, 1998-க்கும் 2018-க்கும் நடுவில் இங்கிலாந்தில் நாய்க்கடிக்காக மருத்துவமனையில் சேர்ந்தவர்களின் விகிதம் இரண்டு மடங்குக்கு மேலாகியிருந்தது. பட்டியல் இருந்தது, கடியும் வளர்ந்தது.

4

பட்டியல் எதைக் காட்டுகிறது என்று பார்த்தோம். எதை மறைக்கிறது?

மத்திய அரசு நாடாளுமன்றத்தில் கொடுத்த கணக்கின்படி 2024-ல் இந்தியாவில் நாய்க்கடிகள் 37 லட்சத்துக்கும் மேல். ரேபிஸ் என்று சந்தேகிக்கப்படும் சாவுகள் 54. இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகத்தைச் சேர்ந்தவர்கள் 2022-23-ல் வீடுவீடாகப் போய்க் கேட்டுச் செய்த கணக்கெடுப்பு லான்செட் குழுமத்தின் தொற்றுநோய் இதழில் வந்தது. அதன் மதிப்பீடு: வருஷத்துக்கு விலங்குக்கடி 91 லட்சம், அதில் நாலில் மூன்று பங்கு நாய், ரேபிஸ் சாவு 5,726. ஐம்பத்து நாலுக்கும் ஐயாயிரத்து எழுநூற்றுக்கும் நடுவிலே இருக்கிற அந்தப் பிணங்கள் யாருடையவை? கடிபட்டவர்களில் ஐந்தில் ஒருவர் ஒரு ஊசிகூடப் போட்டுக்கொள்ளவில்லை என்றும் அதே ஆய்வு சொல்கிறது.

இவர்களைக் கடித்த நாய்களில் மிகப் பெரும்பாலானவற்றுக்கு இனப்பெயர் கிடையாது. பட்டியலில் ஏறுகிற யோக்கியதைகூட இல்லாத நாய்கள். ராட்வீலர் கடித்தால் செய்தி. குப்பை அள்ளப் போன பெண்ணைத் தெருநாய் கடித்து, மஞ்சளும் சுண்ணாம்பும் அப்பிக்கொண்டு அவள் மறுநாள் வேலைக்குப் போய்விட்டால் அது எந்தக் கணக்கிலும் வராது. காயத்தை உடனே சோப்புப் போட்டுக் கால்மணி நேரம் ஓடுகிற தண்ணீரில் கழுவணும் என்கிறார்கள். ஓடுகிற தண்ணீர் எந்தத் தெருவில் இருக்கிறது? ஆழமான காயத்துக்குத் தடுப்பூசி மட்டும் போதாது, காயத்தைச் சுற்றியே இம்யூனோகுளோபுலின் செலுத்தணும். நோய் அறிகுறி தெரிந்தபின் அநேகமாக யாரும் பிழைப்பதில்லை. ஊரிலுள்ள நாய்களில் 70 சதவீதத்துக்குத் தொடர்ந்து தடுப்பூசி போட்டால் நோய்ச் சங்கிலி அறுந்துபோகும் என்பது உலக சுகாதார நிறுவனம் பல காலமாகச் சொல்லிவருவது. இதற்கெல்லாம் பணம் வேண்டும், ஆள் வேண்டும், வருஷக்கணக்கான வேலை வேண்டும். 23 பெயர்களை டைப் அடிக்க ஒரு மத்தியானம் போதும்.

ராட்வீலர் கதையிலும் இனத்துக்கு வெளியே நிறைய இருக்கிறது. 2024 மே மாதம் சென்னையில் மாநகராட்சிப் பூங்கா ஒன்றில் இரண்டு ராட்வீலர்கள் 5 வயதுச் சிறுமியைக் குதறின. அவள் அந்தப் பூங்காக் காவலாளியின் மகள். ஒருவருக்கு நாயை உலாத்துகிற இடம், இன்னொரு குடும்பத்துக்கு வீட்டு வாசல். செய்திகள் முழுக்க ராட்வீலரின் குணநலன்களைப் பேசின. அந்தக் குழந்தை ஏன் பூங்காவில் குடியிருந்தாள் என்று கேட்டது கொஞ்சம் பேர்தான்.

சட்டம் இல்லாமலா இருக்கிறது? தன் வசமுள்ள மிருகத்தால் மனித உயிருக்கு ஆபத்து வராமல் பார்த்துக்கொள்ளத் தவறுகிறவரைத் தண்டிக்க 1860-லிருந்து இந்தியத் தண்டனைச் சட்டத்தில் 289-ஆம் பிரிவு இருந்தது. இப்போது நியாய சம்ஹிதையில் 291. ஆறு மாதம் சிறை அல்லது ஐயாயிரம் ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். அதில் இனப்பெயர் எதுவும் இல்லை. உடைமையாளரின் அலட்சியம்தான் அதில் குற்றம். காலனியச் சட்டத்தைப் புகழ வேண்டியிருக்கிறதே என்று எனக்கே கூச்சமாயிருக்கிறது. ஆனாலும் பட்டியலைவிட இந்தப் பிரிவு நியாயமானது.

5

உயிர்நேயத் தோழர்களுக்கு ஒரு வார்த்தை. நாயின் பக்கம் நிற்பது கடிபட்டவரின் பக்கம் நிற்பதைத் தள்ளிப்போடும் தந்திரமாகிவிடக் கூடாது. கடி என்றதுமே 'அந்தப் பையன் கல்லெறிந்திருப்பான்' என்கிற பதிலுக்கும், 'ஆளு தெரியாம விடுமா' என்ற திண்ணைப் பதிலுக்கும் தூரம் அதிகமில்லை.

மறுதரப்புத் தோழர்களுக்கும் ஒன்று. நாய் வளர்ப்பதும் சோறு வைப்பதும் மேட்டுக்குடி விவகாரம் என்று எழுதித் தள்ளுகிறீர்கள். நடைபாதையில் படுக்கிறவர்களுக்கும் குப்பை பொறுக்குகிறவர்களுக்கும் ராத்திரிக் காவல் நாய்தான். 'பிடித்து அடை' என்று தொடங்குகிற நகரச் சுத்திகரிப்பு நாயோடு நின்றதாகச் சரித்திரமில்லை.

நாம் கேட்க வேண்டியவை எளிமையானவை. ஆரம்ப சுகாதார நிலையத்தில் இன்றைக்கு இம்யூனோகுளோபுலின் இருக்கிறதா? தூய்மைப் பணியாளர்களுக்கு முன்கூட்டியே தடுப்பூசி போட்டாயிற்றா? கடிபட்ட நாளுக்குக் கூலி உண்டா? பெரிய நாய் வைத்திருப்பவர், அது எந்த இனமாயிருந்தாலும், வாய்க்கூடும் கயிறும் இல்லாமல் பொது இடத்துக்கு வந்தால் வழக்குப் பதிவாகிறதா? கடிகளை எண்ணும்போது நாயின் ஜாதியை விட்டுவிட்டு, கடித்த இடம், நேரம், நாய் கட்டியிருந்ததா, கடிபட்டவர் என்ன வேலையாக அங்கே போனார் என்பதையெல்லாம் எழுதுகிறார்களா?

அண்ணனுக்கு இப்போது அறுபது தாண்டிவிட்டது. கெண்டைக்காலில் தழும்பு இருக்கிறது. போன மாதம் இந்தச் சுற்றறிக்கையைப் பற்றி அவரிடம் சொன்னேன். கோம்பை அந்தப் பட்டியலில் இருக்கா என்று கேட்டார். இல்லை என்றேன். "இருந்தா மட்டும் என்ன, பண்ணைவீட்டுல வேற நாய் வாங்கியிருப்பாங்க. சங்கிலிய ரெண்டு முழம் குறைக்கச் சொல்லித்தானே அம்மா கேட்டா" என்றார்.