தாது வருடப் பஞ்ச நூல்கள்: ஒரு மதிப்பீடு

தாது வருடப் பஞ்சம் என்று தமிழில் அழைக்கப்படுவது 1876 முதல் 1878 வரை சென்னை மாகாணம், மைசூர், பம்பாய் மாகாணம், ஹைதராபாத் ஆகிய பகுதிகளைத் தாக்கிய பெரும்பஞ்சம். இதில் இறந்தவர்களின் எண்ணிக்கை குறித்த மதிப்பீடுகள் சுமார் 55 லட்சத்தில் தொடங்கி, வில்லியம் டிக்பி பிற்காலத்தில் கணக்கிட்டபடி ஒரு கோடிக்கும் மேல் வரை செல்கின்றன. இப்பஞ்சத்தை முன்வைத்து ஆங்கில ஆவண நூல், தமிழ்க் கும்மிப் பாடல்கள், அங்கத நூல், வரலாற்றாய்வு, நாவல் எனப் பல வகை எழுத்துகள் உருவாகியுள்ளன. இது இயற்கையின் பேரழிவா, ஆட்சியாளர்களின் குற்றமா, குற்றமென்றால் அதை இனப்படுகொலை என்று சொல்லலாமா என்னும் கேள்விக்கு இந்நூல்கள் வெவ்வேறு பதில்களைத் தருகின்றன.

பெயரிலேயே ஒரு பிழை இருக்கிறது. தாது ஆண்டு 1877 ஏப்ரலில் முடிந்துவிட்டது. மக்கள் பெருந்தொகையாக இறந்தது அதற்கடுத்த ஈசுவர ஆண்டில். மழை பொய்த்த ஆண்டின் பெயர் பஞ்சத்துக்கு நிலைத்தது, சாவு மிகுந்த ஆண்டின் பெயர் மறைந்தது. மழையைக் காரணமாக நினைவில் வைத்துக்கொண்டு, மழை பொய்த்த பிறகு மனிதர்கள் செய்ததை மறந்துவிடும் போக்கு இந்தப் பெயரிலிருந்தே தொடங்குகிறது எனலாம்.

கொங்கு வட்டாரம்

இன்றைய திருப்பூர் அன்று கோயம்புத்தூர் மாவட்டத்தின் பல்லடம் வட்டத்தைச் சேர்ந்த சிற்றூர். கம்பும் சோளமும் ராகியும் மானாவாரியாக விளைந்த நிலம். கிணறு இருந்தவர் கமலை பூட்டி நீர் இறைத்தார், இல்லாதவர் வானம் பார்த்தார். 1862-லேயே சென்னையிலிருந்து மேற்குக் கடற்கரையின் பேப்பூர் வரை ரயில் பாதை இவ்வழியாகப் போடப்பட்டுவிட்டது. அமெரிக்க உள்நாட்டுப் போர்க்காலத்தில் பருத்திக்கு ஏற்பட்ட கிராக்கி கோவையின் கரிசல் நிலங்களையும் எட்டியிருந்தது. எனவே பஞ்சம் வந்தபோது இது வெளியுலகத் தொடர்பற்ற மூலை அல்ல. தண்டவாளமும் தந்தியும் சந்தையும் உள்ள இடம்.

குடிக்கணக்கின்படி கோயம்புத்தூர் மாவட்டத்தின் மக்கள்தொகை 1871-ல் சுமார் 17.6 லட்சம், 1881-ல் சுமார் 16.6 லட்சம். பக்கத்துச் சேலம் மாவட்டத்தில் வீழ்ச்சி இதைவிடக் கொடியது. 19.7 லட்சம் 16 லட்சமாகக் குறைந்தது. பத்தாண்டில் இயல்பாகப் பெருகியிருக்க வேண்டிய தொகையையும், இலங்கைத் தோட்டங்களுக்கும் பிற இடங்களுக்கும் பிழைக்கப் போனவர்களையும் கணக்கில் கொள்ளாமல் இந்த எண்களை நேரடியாகச் சாவுக்கணக்காக வாசிக்க முடியாது. ஆனால் ஊர் ஊராக வீடுகள் வெறுமையானதை இவை காட்டுகின்றன.

திருப்பூரின் கதை பெரும்பாலும் 1925-ஐ ஒட்டித் தொடங்கிய பனியன் தொழிலிலிருந்தும், 1932-ல் கொடிகாத்த குமரனின் மரணத்திலிருந்தும் சொல்லப்படுகிறது. அதற்கு அரை நூற்றாண்டு முன்பு நடந்தது ஊர்ப்பெருமைக்கு உதவாததால் இடம்பெறுவதில்லை. அளவுக்கு மீறிச் சாப்பிடுபவரைப் 'பஞ்சத்தில் அடிபட்டவன்' என்று கேலி செய்யும் பேச்சில் மட்டும் அது எஞ்சியிருக்கிறது.

டிக்பியின் கணக்குப் புத்தகம்

வில்லியம் டிக்பி 'மெட்ராஸ் டைம்ஸ்' இதழின் ஆசிரியர். சென்னைப் பஞ்ச நிவாரணக் குழுவின் செயலாளராகவும் இருந்தார். 1878-ல் அவர் இரண்டு தொகுதிகளாக வெளியிட்ட 'தென்னிந்தியப் பஞ்சப் போர்முனை' என்னும் பொருள்படும் தலைப்புள்ள நூலே பின்னர் எழுதிய எல்லோருக்கும் அடித்தளம். நூலின் பெரும்பகுதி கடிதங்கள், அட்டவணைகள், அரசாணைகள், கூலி விகிதங்கள். வாசிப்பதற்குச் சலிப்பூட்டுவது. அதன் வலிமையும் அந்தச் சலிப்பில்தான் உள்ளது. குற்றச்சாட்டை உரக்கச் சொல்லாமல், யார் எந்தத் தேதியில் யாருக்கு என்ன எழுதினார் என்று வரிசைப்படுத்துகிறார்.

அந்த வரிசையின் மையத்தில் இருப்பது சர் ரிச்சர்ட் டெம்பிள். 1873–74-ல் பீகாரில் பஞ்சம் ஏற்பட்டபோது இதே டெம்பிள் பர்மாவிலிருந்து அரிசி வரவழைத்துத் தாராளமாக நிவாரணம் அளித்தார். இறந்தவர்கள் மிகச் சிலரே. அதற்காக அவர் வீண்செலவு செய்தவர் என்று கண்டிக்கப்பட்டார். 1877-ன் தொடக்கத்தில் வைஸ்ராய் லிட்டனின் பிரதிநிதியாகச் சென்னை மாகாணத்துக்கு வந்தபோது அந்தப் பாடத்தைக் கற்றிருந்தார். நிவாரண வேலை செய்யும் ஆணுக்கு ஒரு நாளைக்கு ஒரு பவுண்டு தானியமும் ஓரணாவும் போதும் என்று குறைத்தார். இதுவே 'டெம்பிள் கூலி' எனப்படுகிறது. வேலையிடம் வீட்டிலிருந்து தொலைவில் இருக்க வேண்டும் என்ற நிபந்தனையும் சேர்ந்தது. உண்மையில் தேவைப்படுபவர் மட்டுமே அவ்வளவு தூரம் நடந்து வருவார் என்பது காரணம். நடக்க முடியாதவரே அதிகம் தேவைப்படுபவர் என்பது அந்தக் கணக்கில் இல்லை.

மாகாணச் சுகாதார ஆணையர் கார்னிஷ் இதை எழுத்து மூலம் எதிர்த்தார். கடும் உடலுழைப்பில் ஈடுபடுபவருக்கு இந்த அளவு உயிர்வாழப் போதாது என்பது அவர் வாதம். சில மாதங்களில் சென்னை அரசு கூலியை ஓரளவு உயர்த்தியது. அதற்குள் பலருக்குக் காலம் கடந்துவிட்டது. மாகாண ஆளுநர் பக்கிங்ஹாம் கோமகன் ஆரம்பத்தில் முப்பதாயிரம் டன் தானியத்தை ரகசியமாக வாங்கிவைத்ததற்கு லிட்டனிடம் கண்டனம் பெற்றார். சந்தையில் அரசு தலையிடக் கூடாது என்பதே லிட்டனின் கொள்கை. 1877 ஜனவரி முதல் நாளில் விக்டோரியாவை இந்தியப் பேரரசி என அறிவித்த டெல்லிப் பெருவிழாவை அவர் நடத்தியது இதே காலத்தில்.

டிக்பியின் குறை, அவர் அரசின் தவறை அரசின் மொழியிலேயே பேசுகிறார் என்பது. முகாமில் கூலி வாங்கியவர் பேசும் ஒரு பக்கத்தை அவரது நூலில் தேடிப் பயனில்லை.

கும்மியும் அங்கதமும்

அந்தக் குரல் ஓரளவு கேட்பது பஞ்சக் கும்மிகளில். கொங்கு நாட்டின் கல்வெட்டு, ஓலைச்சுவடி ஆய்வாளரான புலவர் செ. இராசு 'பஞ்சக் கும்மிகள்' என்ற பெயரில் இத்தகைய பாடல்களைத் தொகுத்துப் பதிப்பித்துள்ளார். பெண்கள் வட்டமாக நின்று கைகொட்டிப் பாடும் வடிவத்தில் சாவைச் சொல்வது முதலில் விசித்திரமாகப் படும். ஆனால் நாட்டார் மரபில் கொலை, வெள்ளம், ரயில் விபத்து எல்லாமே கும்மியும் சிந்துமாகத்தான் பதிவாயின. செய்தித்தாள் எட்டாத ஊரில் இது செய்தி.

தானிய விலை ஏறுவது, ஆடுமாடு மடிவது, உண்ணத் தகாதவற்றை உண்பது, தாலியைக்கூட விற்பது போன்ற செய்திகள் பஞ்சப் பாடல்களின் பொதுச்சரக்கு. புள்ளிவிவரத்தில் கிடைக்காத நுண்மை இவற்றில் உண்டு. இவை யாரையும் குற்றவாளிக் கூண்டில் நிறுத்துவதில்லை. மழை பெய்யாதது தெய்வக்குற்றம், ஊழ்வினை, கலியின் கோலம். கஞ்சித் தொட்டி திறந்த சர்க்காருக்குச் சில இடங்களில் வாழ்த்தும் வரும். இதை அறியாமை என்று ஒதுக்குவது எளிது. பசித்தவருக்குத் தெரிந்த சர்க்கார் கஞ்சி ஊற்றுபவர் மட்டுமே. கல்கத்தாவில் கையெழுத்தான ஆணை அவர் கண்ணில் படவே வாய்ப்பில்லை. கொலையாளி கண்ணுக்கெட்டாத தொலைவில் இருக்கும் கொலை இது என்பதற்கு அந்த வாழ்த்தே சான்று.

இன்னொரு எல்லையும் உண்டு. பாடியவர்கள் பெரும்பாலும் எழுத்தறிந்த புலவர்கள். பண்ணையத்தில் கூலி வாங்கிய, சொந்தக் குதிரோ தானியக் குழியோ இல்லாத அருந்ததியர் முதலான மக்கள்தான் முதலில் விழுந்திருப்பார்கள். பாட்டில் அவர்கள் பேசப்படுகிறார்கள், பேசுவதில்லை.

சிவகங்கை வில்லியப்ப பிள்ளையின் 'பஞ்சலட்சணத் திருமுக விலாசம்' (1899) வேறு திசையில் செல்கிறது. பஞ்சத்தில் முறையிட வந்த மக்களை மதுரைச் சொக்கநாதர் தானே காக்க இயலாமல் சிவகங்கை மன்னருக்குத் திருமுகம் எழுதி அனுப்புவதாகக் கதை. தெய்வமே கைவிரிக்கும் இந்தக் கற்பனை கும்மிகளின் ஊழ்வினை விளக்கத்தைவிடக் கூர்மையானது.

டேவிஸின் வழக்கு

மைக் டேவிஸின் 'லேட் விக்டோரியன் ஹோலோகாஸ்ட்ஸ்' (2001) இந்தப் பஞ்சத்தை உலக வரலாற்றில் வைத்தது. எல் நினோ எனப்படும் கடல்வெப்ப மாற்றம் இந்தியா, சீனா, பிரேசில் மூன்றிலும் ஒரே காலத்தில் மழையைக் கெடுத்தது. வறட்சியைச் சாவாக மாற்றியது பேரரசின் சந்தைக் கொள்கை என்பது அவர் வாதம். ரயில் பஞ்சத்தைத் தடுக்கும் என்று நம்பப்பட்டது. வியாபாரிகள் அதே ரயிலில் வறண்ட மாவட்டங்களின் தானியத்தை வெளியேற்றிப் பெருநகரக் கிடங்குகளில் பதுக்கினார்கள். விலை எல்லா இடத்திலும் ஒன்றுபோல ஏறியது. இந்தியக் கோதுமை இங்கிலாந்துக்குச் சென்றுகொண்டே இருந்தது. தண்டவாளத்தின் ஓரத்தில் இருந்த திருப்பூர் போன்ற ஊர்களைப் பற்றி யோசிக்கும் வாசகருக்கு நூலில் மிகவும் பயன்படுவது இந்தப் பகுதி.

அதிகம் மேற்கோள் காட்டப்படுவது வேறொன்று. டெம்பிள் கூலியின் கலோரி மதிப்பு 1944-ல் புஹன்வால்ட் நாஜி முகாமில் வழங்கப்பட்டதைவிடக் குறைவு என்று காட்டும் அட்டவணை. எண்ணளவில் ஒப்பீடு செல்லும். வாதமாக அது நூலுக்கு உதவியதைவிடக் கெடுதலே அதிகம் செய்தது. புஹன்வால்டில் கைதி வெளியேற முடியாது. டெம்பிளின் முகாமில் ஆளை உள்ளே விடாமல் இருப்பதே கொள்கை. இரண்டும் கொடுமைதான், அவை இயங்கும் விதம் வேறு. ஒப்பீட்டின் அதிர்ச்சியில் இந்த வேறுபாடு கரைந்துவிடுகிறது.

தீர்த்தங்கர் ராய் போன்ற பொருளாதார வரலாற்றாசிரியர்கள், காலனிய அரசுக்கு அன்று போதிய நிதியும் தகவலும் இல்லை என்பதை முதன்மைக் காரணமாக வைக்கிறார்கள். பொதுவான பஞ்சங்களுக்கு இது பொருந்தலாம். 1877-க்குப் பொருந்துவது கடினம். மூன்று ஆண்டுகளுக்கு முன் பீகாரில் அதே அரசு, அதே அதிகாரி வழியாக அதைச் செய்து காட்டியிருந்தது.

இனப்படுகொலை என்ற சொல்

ரஃபேல் லெம்கின் 1944-ல் உருவாக்கிய இச்சொல், 1948 ஐ.நா. உடன்படிக்கையில் ஒரு தேசிய, இன, மத குழுவை முழுமையாகவோ பகுதியாகவோ அழிக்கும் நோக்கம் என்ற நிபந்தனையுடன் சட்டமானது. லிட்டனுக்குத் தமிழரையோ தெலுங்கரையோ அழிக்கும் நோக்கம் இருந்தது என்று காட்டும் ஆவணத்தை மேலே சொன்ன எந்த நூலும் முன்வைக்கவில்லை. அவருக்கு இருந்தது பணம் மிச்சம் பிடிக்கும் நோக்கம். உக்ரைனில் 1932–33 பஞ்சம் பற்றி ராபர்ட் கான்குவெஸ்ட், ஆன் ஆப்பிள்பாம் ஆகியோர் எழுதியபோதும் விவாதம் இந்த இடத்தில்தான் சிக்கியது. அங்கே உக்ரைனிய விவசாயிகளைக் குறிவைத்த ஆணைகள் இருந்தன. இங்கே அப்படிப்பட்டவை இல்லை.

ஆனால் 1998 ரோம் சட்டம் மானுடத்துக்கு எதிரான குற்றங்களில் ஒன்றாகச் சொல்லும் 'அழித்தொழிப்பு' உணவும் மருந்தும் கிடைக்காமல் செய்வதையும் உள்ளடக்கும். அதற்கு இனக்குழு நிபந்தனை கிடையாது. இயல்பான போக்கில் இன்ன விளைவு வரும் என்று அறிந்திருப்பதும் அச்சட்டத்தில் நோக்கமாகக் கருதப்படும். பின்னர் வந்த சட்டத்தை 1877-க்குப் பொருத்தித் தீர்ப்பெழுத முடியாதுதான். ஆயினும் கார்னிஷின் எச்சரிக்கை அரசுக் கோப்பில் இருக்கிறது என்பதால், தெரியாமல் நடந்தது என்ற பதில் எடுபடாது. டேவிஸ் தலைப்பில் வைத்த சொல்லைவிட டிக்பியின் வறண்ட அட்டவணைகள் வழக்கை வலுவாக்குவது இதனால்தான்.

வெள்ளை யானை

ஜெயமோகனின் 'வெள்ளை யானை' (2013) தமிழில் இப்பஞ்சத்தை மையமாக்கிய முதன்மையான நாவல். சென்னை ஐஸ் ஹவுஸில் அமெரிக்கப் பனிக்கட்டியைச் சுமந்த தலித் தொழிலாளர்களின் வேலைநிறுத்தத்தையும் செங்கல்பட்டுப் பக்கத்துப் பஞ்சச் சாவுகளையும் இணைக்கிறது. வெள்ளையரின் மதுக்கோப்பைக்குக் கடல் கடந்து பனிக்கட்டி வந்த காலத்தில் தானியம் நாட்டை விட்டுப் போயிற்று என்ற முரண் நாவலின் படிமத்திலேயே அடங்கிவிட்டது.

நாயகன் ஏய்டன் ஐரிஷ்காரன். தன் நாட்டின் பஞ்சத்தை நினைவில் சுமப்பவன், ஆனால் பேரரசின் காவல் அதிகாரி. இந்தத் தேர்வு நாவலின் பலம். கும்மிப் புலவரால் காண முடியாத கல்கத்தா ஆணையையும், டிக்பி எழுதாத முகங்களையும் ஒருவனே காண முடிகிறது. இந்தியச் சாதியமைப்பும் உள்ளூர் வணிகரும் அச்சாவுகளில் கொண்ட பங்கை நாவல் மறைக்கவில்லை. டேவிஸ் மெலிதாகத் தொட்டுச் செல்லும் இடம் அது. பலவீனமும் அதே தேர்விலிருந்து வருகிறது. ஏய்டனின் குற்றவுணர்வு நீண்ட தன்னுரைகளாக வளரும்போது இறந்துகொண்டிருப்பவர்கள் அவன் மனசாட்சிக்குப் பின்னணியாகிவிடுகிறார்கள். காத்தவராயன் வரும் பகுதிகளில் இந்தக் குறை இல்லை. அவர் இரக்கம் கேட்பதில்லை, கணக்குக் கேட்கிறார்.

நாவலின் நிலம் சென்னையும் செங்கல்பட்டும். மூன்றரை லட்சத்துக்கு மேல் மக்கள்தொகை குறைந்த சேலமும், தண்டவாளத்தை ஒட்டிய பல்லடம், தாராபுரம் வட்டங்களும் அதில் இல்லை. அவற்றுக்கு இன்னும் கும்மிகளும் குடிக்கணக்கும்தான்.