காலும் யாப்பும்: கிரேக்கச் சொல்லிணை ஒன்றும் மட்டக்களப்புக் கூத்தும்

கிரேக்க யாப்பியலில் 'ஆர்சிஸ்', 'தெசிஸ்' என இரு கலைச்சொற்கள் வழங்கின. உயர்த்துதல், வைத்தல் என்பன அவற்றின் பொருள்கள். உயர்த்தப்பட்டதும் வைக்கப்பட்டதும் ஆடுவோனின் பாதமே. யாப்பின் அலகுக்கும் 'பாதம்' என்றே கிரேக்கர் பெயரிட்டனர். (நாம் பட்டத்திற்காக எழுதும் 'தீசிஸ்' இதே சொல்தான்.) பின்வந்த உரோம இலக்கணகாரரோ இவற்றைக் குரலின் ஏற்ற இறக்கங்களாகக் கொண்டனர்; பொருள் தலைகீழாயிற்று. ஆடலிலிருந்து பிரிந்து ஏட்டில் மட்டும் எஞ்சிய பாடலுக்கு நேர்ந்த கதி இது.

கிரேக்க இசைப்பாக்களின் யாப்பைப் பற்றி 1929இல் நூலெழுதிய ஜோர்ஜ் தொம்சன், பேர்மிங்காமில் கைலாசபதிக்கும் சிவத்தம்பிக்கும் ஆய்வு வழிகாட்டியவர். கவிதையைக் கூட்டு உழைப்போடும் ஆடலோடும் இணைத்து நோக்கும் அவரது முறையியல் அவ்வழியே தமிழாய்விலும் பயன் தந்தது. ஆனால் ஒப்புமை வேறு, உறவுமுறை வேறு. தமிழ் 'அடி'யும் பாதத்தைக் குறிப்பதே. எனினும் யாப்பில் அது முழு வரியாகும், கிரேக்கப் 'பாத'த்திற்கு நிகரானது நமது சீரே. தொல்காப்பியம் கூறும் 'தூக்கு' என்னும் செய்யுளுறுப்பு, இசை வழக்கில் தாளத்தைக் குறிக்கும். உயர்த்துதல் என்ற பொருளைக் கண்டதும் அதனை 'ஆர்சிஸு'டன் முடிச்சுப்போட முனைவது சொல்விளையாட்டேயன்றி ஆய்வாகாது.

உண்மையான ஒளி வேறிடத்திலிருந்து கிடைக்கின்றது. மட்டக்களப்பு வாவியின் மேற்கே, படுவான்கரையின் வட்டக்களரியில் அண்ணாவியார் மத்தளத்தோடு தாளக்கட்டைச் சொல்ல, கூத்தன் சதங்கைக் காலை எடுத்து வைக்கின்றான். அவன் பாடும் தருவைப் பிற்பாட்டுக்காரர் ஏற்றுப் பாடுகின்றனர். அங்கே குறில் நீண்டொலித்துத் தாளத்தை நிரப்புவது இயல்பு. எழுத்து குறைந்த இடத்தைக் கால் நிறைவு செய்கின்றது. தென்மோடியின் நுணுக்கமான தாளக்கட்டுகளில் இதனைத் தெளிவாகக் காணலாம்.

இத்தருக்களை ஏட்டில் வைத்து அசை பிரித்து 'யாப்பு வழு' என்றும் 'பாமரர் பாட்டு' என்றும் தீர்ப்பளிக்கும் நம்மவர், உரோம இலக்கணகாரர் செய்த தவற்றையே செய்கின்றனர். வழு பாட்டில் இல்லை, அளவுகோலில் உள்ளது. வித்தியானந்தன் அறுபதுகளில் கூத்தைப் பேராதனைப் பல்கலைக்கழக மேடைக்குக் கொணர்ந்தார். மௌனகுரு அதனை விரிவான ஆய்வுப் பொருளாக்கினார். அவ்வழியில் அடுத்துச் செய்யவேண்டியது, தருவின் ஒவ்வோர் அடியின் கீழும் அதற்குரிய தாளக்கட்டையும் கால் விழும் இடத்தையும் குறித்துப் பதிப்பிப்பதாகும். குறிக்கும்போது அண்ணாவியார் அருகிருத்தல் வேண்டும்.