டங்கன் எழுதி வைத்தார், சேலம் எழுதி வைக்கவில்லை

எல்லிஸ் ஆர். டங்கனைப் பற்றி யார் எழுதினாலும் ரெண்டு விஷயம் தவறாமல் வந்துவிடும். ஒண்ணு, 1936-ல் 'சதி லீலாவதி'யில் எம்.ஜி.ஆரை அறிமுகப்படுத்தியவர். ரெண்டு, தமிழே தெரியாமல் தமிழ்ப் படம் எடுத்தவர். ரெண்டும் சரிதான். ஆனால் இதோடு நிறுத்திக்கொண்டால் அவர் செய்த வேலை என்ன என்பதே கண்ணில் படாமல் போய்விடும்.

டங்கன் அடிப்படையில் கேமராக்காரர். தெற்கு கலிபோர்னியா பல்கலைக்கழகத்தில் கூடப் படித்த மாணிக் லால் டாண்டன் கூப்பிட்டார் என்று 1935-ல் இந்தியா வந்தவர், 15 வருஷம் இருந்துவிட்டார். பாஷை தெரியாதவர் காதை நம்ப முடியாதில்லையா, கண்ணை நம்பினார். 'மீரா' (1945) எடுக்கும்போது எம்.எஸ். சுப்புலட்சுமியின் தலையை அச்சு அசலாகச் சிலை வடிக்கச் சொல்லி, ஒளிப்பதிவாளர் ஜித்தன் பானர்ஜியோடு சேர்ந்து, எந்தக் கோணத்துக்கு எந்த வெளிச்சம் ஒத்துவரும் என்று அந்தச் சிலையில் சோதித்துப் பார்த்திருக்கிறார். எங்க தொழிலில் இதை டெஸ்ட் என்விரான்மென்ட் என்போம். எம்.எஸ். செட்டுக்குள் வரும் முன்பே விளக்கு வேலையில் பாதி முடிந்திருக்கும்!

'மந்திரி குமாரி' (1950) என்றால் நாம் கலைஞரின் வசனத்தைத்தான் பேசுகிறோம். ஒரு தடவை, திருச்சி லோகநாதனும் ஜிக்கியும் பாடும் அந்த மலையுச்சிக் காட்சியை சவுண்டை அணைத்துவிட்டுப் பாருங்கள். யார் யாரைத் தள்ளப்போகிறார்கள் என்ற பயம் அப்போதும் குறையாது. ஒளிப்பதிவு ஜே.ஜி. விஜயம். இயக்கம் என்று டங்கன் பெயரும், மாடர்ன் தியேட்டர்ஸ் முதலாளி டி.ஆர். சுந்தரம் பெயரும் சேர்ந்தே இருக்கும். டங்கன் பாதியில் அமெரிக்கா கிளம்பிவிட, மிச்சத்தை முடித்தவர் நம்ம திருச்செங்கோட்டுக்காரர்.

இந்தப் படங்கள் எப்படி எடுக்கப்பட்டன என்று இன்றைக்கு நமக்குத் தெரிவதற்குப் பெரிய காரணம், டங்கன் அதை விட்டுவிட்டுப் போகாததுதான். ஊருக்குப் போய் ஆவணப் படங்கள் எடுத்தார். 2001-ல், அவர் இறந்த வருஷமே, 'எ கைட் டு அட்வென்ச்சர்' என்ற சுயசரிதை வந்தது. அவருடைய தொகுப்பு மேற்கு வர்ஜீனியா மாநில ஆவணக்காப்பகத்தில் இருக்கிறது. 2013-ல் கரண் பாலி 'ஆன் அமெரிக்கன் இன் மெட்ராஸ்' என்று ஆவணப் படமே எடுத்தார்.

எனக்குக் குறை இங்கேதான். புத்தகத்தின் தலைப்பில் 'சாகசம்', படத்தின் தலைப்பில் 'மெட்ராஸ்'. 'பொன்முடி', 'மந்திரி குமாரி' ரெண்டும் சேலம் ஏற்காடு ரோட்டு ஸ்டுடியோவின் படங்கள். டங்கனுக்கு சாகசமாக இருந்தது, லைட் தூக்கியவருக்கு அன்றாடக் கூலி. 1952-ல் மாடர்ன் தியேட்டர்ஸ் அமெரிக்கக் கம்பெனியோடு சேர்ந்து 'தி ஜங்கிள்' எடுத்தது. தமிழில் 'காடு'. டங்கனும் அதில் இருந்தார். ஆதிகால மாமத் என்று காட்ட, நிஜ யானைகளுக்கு முடிப் போர்வை போர்த்தினார்கள். டைட்டிலில் ராட் கேமரூன், சீசர் ரோமெரோ பெயர் எல்லாம் வரும். அந்தப் போர்வையைத் தைத்தது யார்? யானை மிரளாமல் அதை மாட்டிவிட்டது யார்?

நூற்றுக்கும் மேல் படம் எடுத்த ஸ்டுடியோவில் இப்போது மிச்சம் ஏற்காடு ரோட்டு வளைவு. சுத்துப்பட்டில் எத்தனையோ வீடுகளில் 'எங்க தாத்தா மாடர்ன் தியேட்டர்ஸ்ல இருந்தார்' என்பார்கள். என்ன வேலை என்று கேட்டால் 'ஏதோ சினிமா வேலை'. லாக் எழுதாத சர்வர் மாதிரி. நடந்தது நிஜம், தடயம் கிடையாது.

ஆட்டையாம்பட்டி, ராசிபுரம், திருச்செங்கோடு, ஓமலூர் பக்கம் யார் வீட்டிலாவது ஸ்டுடியோ குரூப் போட்டோ மாட்டியிருந்தால், கண்ணாடிச் சட்டத்தைக் கழற்றி அட்டையின் பின்பக்கத்தையும் சேர்த்து ஸ்கேன் பண்ணி அனுப்புங்கள். பெயர் எழுதியிருந்தால் அங்கேதான் எழுதியிருப்பார்கள்.