தணிக்கையும் வாசிப்பும்: நஜீப் மஹ்ஃபூழின் ஒரு நாவலை முன்வைத்து

நவீன அரபு இலக்கியத்தில் கருத்துச் சுதந்திரம் பற்றிய விவாதம் எழும்போதெல்லாம், நஜீப் மஹ்ஃபூழின் ‘அவ்லாது ஹாரத்தினா’ (நம் தெருவின் பிள்ளைகள்) என்னும் நாவல் முன்னே வந்து நிற்கிறது. 1959இல் கெய்ரோவின் ‘அல்அஹ்ராம்’ நாளிதழில் தொடராக வந்தபோதே அல்அஸ்ஹர் அறிஞர்கள் இதனைக் கண்டித்தனர். தொடர் முற்றுப்பெற்றதெனினும் எகிப்தில் நூலுருப் பெறவில்லை. 1967இல் பெய்ரூத்தில்தான் அச்சேறியது.

கதை ஒரு வக்ஃபைச் சுற்றி அமைந்தது. ஜபலாவி என்னும் மூதாதையின் வக்ஃபு வருவாய் அவர் வழித்தோன்றல்கள் அனைவருக்கும் உரியது. ஆனால், நாழிர் எனப்படும் நிர்வாகி அதனைக் கைப்பற்றிக்கொள்ள, தெருச் சண்டியர்கள் அவருக்குக் காவல் நிற்கின்றனர். தலைமுறைதோறும் ஒருவர் எழுந்து நீதியை நிலைநாட்டுகிறார். அவருக்குப் பின் பழைய கொடுமை திரும்புகிறது. 1952 புரட்சியின் ஆட்சியாளர்களை நோக்கிய கேள்வியாக இதனை வாசிக்க இடமுண்டு. எனினும், அத்தலைவர்களின் வாழ்வு இறைத்தூதர்களின் வரலாற்றை ஒத்திருப்பதும் ஜபலாவியின் மரணமும் நம்பிக்கையாளரின் உள்ளத்தைப் புண்படுத்தின என்பதை மறுப்பதற்கில்லை.

கலை நோக்கிலும் நமக்குக் குறை தோன்றுகிறது. அறிந்த வரலாற்றின் நிழலாக நடமாடும் பாத்திரங்கள் சொந்த உயிர் பெறுவதில்லை. அறிவியலின் உருவகமான அரஃபாவின் இறுதிப் பகுதியே சிறப்புடையது. அவன் கண்டுபிடித்த ஆயுதம் நாழிரின் கருவியாகிவிடும் இடத்தில் நாவல் ஆழம் பெறுகிறது.

இவ்வாறு தீர்ப்புரைக்கும் உரிமை படித்தவர்க்கே உண்டு. 1994 அக்டோபரில் 82 வயது எழுத்தாளரின் கழுத்தில் கத்தியால் குத்திய இளைஞர் அந்நாவலைப் படித்ததில்லை. அதனை எதிர்த்தவர்களுள் ஒருவரான ஷைகு முஹம்மது அல்கஸ்ஸாலியோ மருத்துவமனைக்கே சென்று மஹ்ஃபூழைக் கண்டார்; தாக்குதலைக் கண்டித்தார். மாறுபட்ட கருத்துடையோர்க்கு இதுவே முன்மாதிரியாகும்.

மஹ்ஃபூழ் தாமே ஒருகாலத்தில் அரசின் கலைத் தணிக்கைக்குப் பொறுப்பு வகித்தவர். அல்அஸ்ஹரின் இசைவின்றி நாவலை எகிப்தில் வெளியிடலாகாது என்றவரும் அவரே. தாக்குதலையடுத்து ‘அல்அஹாலி’ இதழ் அவர் விருப்பத்திற்கு மாறாக அதனை அச்சிட்டது. சுதந்திரத்தின் பெயரால் ஆசிரியரின் சுதந்திரமே மீறப்பட்டதை நாம் எவ்வாறு ஏற்பது?

அவர் மறைந்தபின், 2006இன் இறுதியில், இஸ்லாமியச் சிந்தனையாளர் அஹ்மது கமால் அபுல் மஜ்தின் கட்டுரையையும் சேர்த்து, எகிப்தியப் பதிப்பு வெளிவந்தது. இடைப்பட்ட ஆண்டுகளில் பெய்ரூத் பிரதிகள் கெய்ரோவில் மறைவாகக் கிடைத்துக்கொண்டுதான் இருந்தன. தடையால் நாவல் மறையவில்லை. அதனைப் படித்து, ஆய்ந்து, வெளிப்படையாக மறுத்துரைக்கும் வாய்ப்பே அறிஞர்களுக்கு அரிதாயிற்று. இழப்பு நாவலாசிரியருக்கு மட்டுமன்று என்பதை நம் மத்ரஸாக்களும் எண்ணிப் பார்த்தல் நலம்.