தாமதமாக வரும் வெளிச்சம்

பக்தியை ஒரு நிமிஷம் ஓரமாக வைத்துவிட்டு, திருவண்ணாமலை தலபுராணத்தை வெறும் கதையாகப் பாருங்கள். அடியும் முடியும் தெரியாத ஒரு ஒளித்தூண். விஷ்ணு பன்றியாகி அடியைத் தேடித் தோண்டுகிறார். பிரம்மா அன்னமாகி முடியைத் தேடிப் பறக்கிறார். காலம் போனதுதான் மிச்சம், ரெண்டு பேருக்கும் அகப்படவில்லை. வழியில் பிரம்மா ஒரு தாழம்பூவைச் சந்திக்கிறார். உச்சியிலிருந்து உதிர்ந்து, யுகக்கணக்காக விழுந்துகொண்டே இருக்கும் பூ.

எனக்குப் பிடித்த பாத்திரம் இந்தப் பூதான். நட்சத்திர வெளிச்சம் மாதிரி அது. கொண்டுவரும் சேதி, வந்து சேரும்போதே பழசு. அதைப் பிடித்து, 'இவர் முடியைப் பார்த்துவிட்டார்' என்று பொய்ச்சாட்சி சொல்ல வைக்கிறார் பிரம்மா. பலன்? பிரம்மாவுக்குக் கோயில் கிடையாது, தாழம்பூவுக்குச் சிவபூஜையில் இடம் கிடையாது என்று சாபம். படைக்கும் கடவுளுக்கே சலுகை இல்லை. விதி என்றால் விதி.

நம்முடைய காலப்பயணக் கதைகளை இந்த அளவுகோலால் அளந்தால் என்ன?

2016-ல் வந்த '24' படத்தை எடுத்துக்கொள்வோம். விக்ரம் குமார் இயக்கம், சூர்யா நடிப்பு. பெய்கிற மழையை அப்படியே அந்தரத்தில் நிறுத்தி வைக்கும் காட்சி கண்ணிலேயே நிற்கிறது. திருநாவுக்கரசுவின் ஒளிப்பதிவுக்குத் தேசிய விருது சும்மா கிடைக்கவில்லை. படத்தில் வரும் கடிகாரத்துக்கு ஒரு கட்டுப்பாடு உண்டு. 24 மணி நேரத்துக்கு மேல் அது பின்னால் போகாது. அபாரமான கட்டுப்பாடு! தலைப்பே அதுதான். ஆனால் கதை முட்டுச்சந்தில் நின்றதும் என்ன ஆகிறது? கடிகாரத்தைச் செப்பனிட்டு, 26 வருஷம் பின்னால் போய், அப்பாவின் சாவையே ரத்து செய்துவிடுகிறார்கள். இயற்பியல் சரியா என்று நான் கேட்கவில்லை. படித்தது பி.காம். பற்று எழுதினால் வரவு எங்கே என்று மட்டும் கேட்பேன். இங்கே வரவு இல்லை. எல்லாம் இலவசம்.

இதற்கு நேர் எதிர் ஒரு கதை இருக்கிறது. வட அயர்லாந்துக்காரர் பாப் ஷா 1966-ல் 'அனலாக்' பத்திரிகையில் எழுதிய 'லைட் ஆஃப் அதர் டேஸ்'. அதில் ஒரு விசேஷக் கண்ணாடி. ஒரு பக்கம் நுழைந்த வெளிச்சம் மறுபக்கம் வர வருஷக்கணக்கில் ஆகும். அழகான மலைக்கு எதிரே பத்து வருஷம் நிறுத்தி வைத்துவிட்டு, பட்டணத்து வீட்டு ஜன்னலில் மாட்டினால் அடுத்த பத்து வருஷத்துக்கு மலை தெரியும். (ரொம்பவும் பீலா என்று நினைக்காதீர்கள். 1999-ல் ஹார்வர்டில் லேனே ஹாவ் குழுவினர், உறைய வைக்கும் குளிரில் சோடியம் வாயுவுக்குள் ஒளியை விநாடிக்கு 17 மீட்டராகக் குறைத்தார்கள். நம்ம ஊர் பஸ் வேகம்!)

ஸ்காட்லாந்து மலைச்சரிவில் அப்படிக் கண்ணாடி விற்கிறவர் வீட்டு ஜன்னலில், அவர் மனைவியும் குழந்தையும் தெரிகிறார்கள். கண்ணாடி வாங்க வந்த தம்பதி எதேச்சையாக உள்ளே எட்டிப் பார்த்தால், குப்பையும் கூளமுமாக வெறும் அறை. மனைவியும் பிள்ளையும் கார் மோதி இறந்து ஆறு வருஷம் ஆகிவிட்டது. ஜன்னலில் தெரிவது பழைய வெளிச்சம். பார்க்கலாம், தொட முடியாது, காப்பாற்றவும் முடியாது. அந்த வெளிச்சமும் ஒருநாள் தீர்ந்துவிடும். ஷா இந்த விதியைக் கடைசி வரி வரைக்கும் மீறவில்லை.

இதனால் என்ன லாபம் என்று கேட்டால், மறுபடி நம் மலைக்கே வரவேண்டும். 2024 டிசம்பர் 1-ம் தேதி, ஃபெஞ்சல் புயல் மழையில், அண்ணாமலையின் சரிவில் இருக்கும் வ.உ.சி. நகரில் மண் சரிந்து ஏழு பேர் இறந்துபோனார்கள். அதில் ஐந்து பேர் குழந்தைகள். அந்தத் தெருவைப் பார்த்தபடி ஷாவின் கண்ணாடி ஒன்று இருந்திருந்தால், அந்தப் பிள்ளைகள் இன்றைக்கும் அதில் விளையாடிக்கொண்டிருப்பார்கள். வேண்டும் என்பார்களா பெற்றவர்கள், வேண்டாம் என்பார்களா? நினைக்கவே பயமாக இருக்கிறது. '24' கடிகாரத்தைக் கையில் கொடுத்தால் இந்தக் கேள்விக்கே வேலையில்லை. முள்ளைத் திருப்பினால் போதும். அதனால்தான் அந்தப் படம் முடிந்ததும் விசிலடித்துவிட்டு வீட்டுக்குப் போய்விடுகிறோம்.

அந்த வருஷம் டிசம்பர் 13 அன்று, மண் சரிந்த பன்னிரண்டாம் நாள், 2,668 அடி உச்சியில் வழக்கம்போல் தீபம் ஏற்றினார்கள். மலையேறப் பக்தர்களுக்கு அனுமதி கிடையாது. எல்லோரும் கீழே நின்றுதான் பார்த்தார்கள். எதையும் திருப்பிக் கொடுக்காத வெளிச்சம்தான் அது. ஆனாலும் கும்பிட்டார்கள்.

காலத்தைத் திருப்பும் கதையோடு தயாரிப்பாளரைப் பார்க்கப்போகும் தம்பிகள், போகிற வழியில் பஸ்ஸிலேயே ஷாவைப் படித்துவிடலாம். சின்னக் கதைதான். தாழம்பூ கதையைப் பாட்டியிடம் கேட்டுக்கொள்ளுங்கள்.