கண்ணகி கண்ட கனவு

சிலப்பதிகாரத்துள் மூன்று கனவுகள் கதைப் போக்கோடு பிரிக்க இயலாதவாறு பின்னிக் கிடக்கின்றன. 9ஆம் காதையாகிய கனாத்திறம் உரைத்த காதையில் கண்ணகி தன் கனவைத் தேவந்திக்கு உரைக்கின்றாள். 15ஆம் காதையாகிய அடைக்கலக் காதையில் கோவலன் தன் கனவை மாடலனுக்கு உரைக்கின்றான். 20ஆம் காதையாகிய வழக்குரை காதையில் கோப்பெருந்தேவி தன் கனவைப் பாண்டியனுக்கு உரைக்கின்றாள். மூன்றும் தீக்கனாக்கள், மூன்றும் பலித்தவை. ஆதலின், வரப்போகும் கேட்டை முன்னறிவிக்கும் காப்பிய உத்தி என்றும், ஊழின் வலிமைக்குச் சான்று என்றும் இவற்றை ஒருங்கே வைத்துக் கூறி அமைதல் வழக்கமாயிற்று.

இக்கூற்றுத் தவறன்று, ஆயின் நிறைவுடையதும் அன்று. மூவர் கனவும் ஊழைக் காட்டுவன என்பது உண்மையேயாயின், கனவு கண்டபின் அம்மூவரும் ஒரே வகையில் ஒழுகியிருத்தல் வேண்டும். அவர்கள் அவ்வாறு ஒழுகவில்லை. கண்ணகியின் கனவு அவளுடைய உள்ளத் திண்மையை அளந்து காட்டும் கருவியாக அமைந்துள்ளது என்பதே யாம் ஈண்டு நிறுவப் புகும் கருத்து. புகார்க் காண்டத்துக் கண்ணகி வேறு, மதுரைக் காண்டத்துக் கண்ணகி வேறு என்று எண்ணுவார்க்கு இக்கனவே தக்க விடையாகும் என்பதும் எம் துணிபு.

தேவந்தியும் கண்ணகியும்

கனவை உரைப்பதற்கு முன்னர் ஆசிரியர் தேவந்தியின் வரலாற்றை விரித்துரைக்கின்றார். பாசண்டச் சாத்தனை மணந்து எட்டாண்டுகள் உடன் வாழ்ந்தவள் அவள். தன் தெய்வ வடிவைக் காட்டிக் கோட்டத்திற்கு வருமாறு கூறி அவன் நீங்கினான். தீர்த்தமாடச் சென்ற கணவனை மீட்டுத் தருக என்று வேண்டுவாள் போல அவள் அக்கோட்டத்தை நாளும் வழிபட்டு வருகின்றாள். காப்பியத்தின் விரைந்த ஓட்டத்தில் இக்கிளைக் கதைக்கு இடம் ஏன் என ஐயுறுவார் உளர். கண்ணகியின் எதிரே நிறுத்துதற்கென்றே தேவந்தி படைக்கப்பட்டாள் என்பது எம் விடை. இருவரும் கணவனைப் பிரிந்தவர், இருவரும் காத்திருப்பவர். ஒருத்தி வழிபாட்டால் நாளைக் கழிக்கின்றாள். மற்றவள் வாய்திறவாமல் பொறுக்கின்றாள்.

அறுகும் பூவும் நெல்லும் தூவித் தோழிக்காக வேண்டிவந்த தேவந்தி, கணவனைப் பெறுவாய் என வாழ்த்துகின்றாள். கண்ணகி அவ்வாழ்த்தை மறுக்கவில்லை. பெறுவேன் என்றே தொடங்கி, ஆயினும் கனவினால் நெஞ்சம் ஐயுறுகின்றது என்கின்றாள். கணவன் கைப்பற்றி அழைத்துச் செல்ல இருவரும் ஒரு பெருநகர் புக்கதும், தேளல்லாததைத் தேளென மேலே இட்டாற்போல ஊரார் பொய்ப்பழி சுமத்தியதும், கோவலனுக்குத் தீங்கு நேர்ந்ததும், தான் அரசன்முன் வழக்குரைத்ததும், அரசனுக்கும் ஊருக்கும் கேடு விளைந்ததும் அக்கனவின் செய்திகள். இறுதியில் தானும் கணவனும் எய்திய நற்பேற்றைக் கேட்டால் நீ நகைப்பாய் எனக் கூறி நிறுத்துகின்றாள்.

அகமரபில் கனவுக்கு ஒரு தனியிடம் உண்டு. திருக்குறளில் கனவுநிலை உரைத்தல் 122ஆம் அதிகாரமாக உள்ளது. நனவில் வாராத தலைவனைக் கனவில் கண்டு ஆறுதல் பெறுதலே அம்மரபின் உயிர். கண்ணகியின் கனவோ அம்மரபில் தொடங்கி அதனைக் கடந்து செல்கின்றது. கணவன் கைப்பற்றுவது வரை அஃது அகக்கனவு. அதன்பின் அது பழியும் வழக்கும் அழிவும் நிறைந்த புறக்கனவு. அவள் வேண்டிய கூட்டமும் அஞ்சத்தக்க பிரிவும் ஒரே கனவில் ஒன்றன்பின் ஒன்றாக வருகின்றன. ஒன்றை ஏற்று ஒன்றைத் தள்ள அவளுக்கு வழியில்லை. இதுவே இக்கனவின் கொடுமை.

தேவந்தி ஒரு வழி கூறுகின்றாள். முற்பிறப்பில் நோன்பு ஒன்று தவறியதன் பயன் இது. காவிரி கடலொடு கலக்கும் இடத்துள்ள சோமகுண்டம், சூரியகுண்டம் என்னும் பொய்கைகளில் ஆடிக் காமவேள் கோட்டம் தொழுதால் கணவனோடு இன்புறலாம் என்கின்றாள். அது பெருமைக்குரிய செயலன்று எனக் கண்ணகி ஒரே விடையில் மறுத்துவிடுகின்றாள். இம்மறுப்பைக் கற்புடை மகளிர் பிற தெய்வம் தொழார் என்னும் கொள்கைக்கு எடுத்துக்காட்டாகவே பலரும் கொள்வர். யாம் அதனோடு மற்றொன்றையும் கருதுகின்றோம். கணவன் தன் நெஞ்சு திருந்தித் திரும்பி வருதல் வேண்டும். காமவேளின் அருளால் இழுத்து வரப்படுதல் வேண்டா. அவள் நம்பிக்கை கோவலனின் நெஞ்சின்மீது வைக்கப்பட்டது. கோட்டத்தில் அதனை இரந்து பெறுவது அந்நம்பிக்கைக்கே இழுக்காகும்.

சொல்லப்படாத கனவு

மறுத்த அப்பொழுதே கோவலன் வாயிலில் வந்து நிற்கின்றான். கனவின் முற்பகுதி அக்கணமே பலிக்கத் தொடங்கிவிட்டது. பொருள் தொலைத்த நாணத்தை அவன் கூற, அவள் முறுவலோடு சிலம்பைத் தருகின்றாள். அதனை முதலாகக் கொண்டு மதுரை சென்று பொருளீட்டுவோம், புறப்படு என்கின்றான். பெருநகர் ஒன்றில் நேரவிருக்கும் கேட்டைச் சற்றுமுன் தோழிக்கு உரைத்த வாய், கணவனுக்கு அதனை உரைத்ததாகக் காப்பியத்தில் குறிப்பில்லை. கோவலனும் அவ்வாறே. இழிந்தோன் ஒருவனால் தனக்குக் கேடு வருவதையும் கண்ணகி நடுங்குவதையும் கனவிற் கண்ட அவன், அதனை மாடலனிடம் உரைத்தானே அன்றிக் கண்ணகியிடம் உரைத்ததாக நூல் கூறவில்லை. கணவனும் மனைவியும் ஒரே அழிவைத் தனித்தனியே கனவில் கண்டு, ஒருவரை ஒருவர் வருத்தாமல் தத்தம் நெஞ்சில் சுமந்தனர். இவ்விரு மௌனங்களின் துயரம் இளங்கோவடிகள் சொல்லாமற் சொல்லியது.

புறப்பட்டமைக்குரிய காரணத்தைக் கண்ணகி 16ஆம் காதையாகிய கொலைக்களக் காதையில்தான் வெளியிடுகின்றாள். எழுக என்றவுடன் எழுந்தனையே எனக் கோவலன் இரங்கிக் கூறியபோது, மாறாத உள்ளம் உடைய வாழ்க்கை தன்னது ஆதலின் எழுந்து வந்ததாக விடை தருகின்றாள். நன்மை விளையும் என்று நம்பி வந்ததாகவோ, விதி இழுக்க வந்ததாகவோ அவள் கூறவில்லை. தீமை விளையலாம் என்று அறிந்திருந்தும், தன் உள்ளம் மாறாமையையே காரணமாகக் காட்டுகின்றாள்.

தடையும் விடையும்

இதற்கு ஒரு தடை எழுப்பலாம். கனாத்திறம் உரைத்த காதையின் இறுதி வெண்பா, காதலி கண்ட கனவு மாதவியின் சொல்லைப் பயனற்றதாக்கப் பழவினை செலுத்தக் கோவலன் விடியுமுன் புறப்பட்டான் என்கின்றது. அங்ஙனமாயின் கனவும் வினையின் கருவிதானே எனலாம். வெண்பாவின் எழுவாயை நோக்குதல் வேண்டும். வினை செலுத்தப் புறப்பட்டவன் கோவலனே. கண்ணகியை வினை செலுத்தியதாக அவ்வெண்பா கூறவில்லை. வினையின் ஆட்சியை யாம் மறுக்கவில்லை. பதிகமே அதனை நூற்பொருள் மூன்றனுள் ஒன்றாக வைத்துள்ளது. நிகழ்வன வினையால் நிகழலாம். நிகழ்வனவற்றின் எதிரே ஒருவர் எவ்வாறு நிற்கின்றார் என்பது அவர் உள்ளத்தால் அமைவது. இவ்வேறுபாட்டை உணராதார்க்குக் கண்ணகி ஊழின் பாவையாகவே தோன்றுவாள்.

எம் கருத்துக்குத் தலைமைச் சான்று 19ஆம் காதையாகிய ஊர்சூழ் வரியில் உள்ளது. கொலையுண்ட கணவனைக் கண்டபின், சினம் தணியாமல் அவனைக் கூடேன், அரசனைக் கண்டு கேட்பேன் என எழுகின்றாள். எழுந்தவள் நின்று, பண்டு கண்ட தீக்கனாவை நினைக்கின்றாள். நின்றமையும் நினைந்தமையும் இருமுறை அடுக்கி வருகின்றன. முதன்முறை கண்ணீர் வழிகின்றது. இரண்டாம் முறை அக்கண்ணீரைத் துடைக்கின்றாள். துடைத்து அரண்மனை வாயிலை நோக்கிச் செல்கின்றாள். இரண்டு நினைவுகளுக்கும் இடையே நிகழ்ந்தது யாது? கனவின் முற்பகுதி முடிந்துவிட்டது. எஞ்சியிருப்பது அரசன்முன் வழக்குரைத்தலும் இறுதி நற்பேறுமே. அச்சம் தந்த கனவு அவ்விடத்தில் அடுத்துச் செய்யவேண்டியதைக் காட்டும் வழித்துணையாகிவிடுகின்றது. புகாரில் அமைதியாக இருந்த பெண் மதுரையில் திடீரென வேறொருத்தி ஆகவில்லை. அரசன்முன் நிற்கும் கண்ணகியைப் புகாரிலேயே அவள் கனவில் கண்டிருக்கின்றாள். பொறுத்தமைக்கும் பொங்கியமைக்கும் மூலம் ஒன்றே. அது மாறாத உள்ளம்.

கோப்பெருந்தேவியின் கனவை இதனோடு ஒப்பிடுக. செங்கோலும் குடையும் வீழக் கண்ட அவள் உடனே கணவனிடம் ஓடி உரைக்கின்றாள். உரைத்து முடிந்த அளவில் கண்ணகி வாயிலில் நிற்கின்றாள். அக்கனவுக்குச் செயலாக மாறக் காலமில்லை. அரசன் தவறு முன்னரே நிகழ்ந்துவிட்டது. காலந்தாழ்ந்து வந்த கனவு எச்சரிக்கையளவில் நின்றது. முன்னரே வந்த கண்ணகியின் கனவு நெஞ்சில் ஊறி உறுதியாயிற்று.

முடிபு

தோழி நகைப்பாள் என்று நாணிக் கூறாமல் விட்ட நற்பேறும் பொய்க்கவில்லை. வேங்கை நிழலில் நின்ற அவளைக் கணவனோடு விண்ணிற் செல்லக் குன்றக் குறவர் கண்டனர். பின்னர் வஞ்சியில் சேரன் செங்குட்டுவன் எடுத்த பத்தினிக் கோட்டத்தில், பூவும் புகையும் கொண்டு நாள்வழிபாடு செய்யுமாறு பணிக்கப்பட்டவள் இத்தேவந்தியே. குளம் ஆடிக் கோட்டம் தொழுக என்றவள், அதனை மறுத்தவளுடைய கோட்டத்திலேயே வழிபடுகின்றாள். தேவந்தியின் நம்பிக்கையை அடிகள் இகழ்ந்தாரல்லர். அதற்கு உரிய இடம் தந்துள்ளார். ஆயின் தீக்கனாவை அறிந்தும் அதனுள் நடந்து சென்றவளையே தொழத்தக்கவளாக நிறுத்தினார். கனாத்திறம் உரைத்த காதையை இந்நோக்கோடு மீண்டும் பயில்வார்க்கு, வழக்குரை காதையின் வித்து அதன்கண் ஊன்றப்பட்டிருத்தல் புலனாகும்.